திருடனின் பெயர் தெரியாத வழக்கு

பண்டைய ரோமர்கள் சாமி கும்பிட்ட விதம் பற்றிப் பேச்சு வந்தால் யாராவது ஒருவர் கட்டாயம் சொல்லிவிடுவார்: அவர்களுக்குப் பக்தியெல்லாம் கிடையாது, கடவுளோடு வியாபாரம்தான் செய்தார்கள். நீ எனக்கு இதைச் செய்து கொடு, நான் உனக்கு ஒரு பலிபீடம் வைக்கிறேன். காரியம் முடிந்ததும் கல்லில் நாலு எழுத்தை வெட்டிக் கணக்கைத் தீர்த்துவிடுவார்கள். இங்கிலாந்தின் பாத் நகரில், ரோமானியக் குளியல் மண்டபத்தின் அருங்காட்சியகத்தில், பொருளைக் களவுகொடுத்தவர்கள் தெய்வத்துக்கு முறையீடு எழுதிப் போட்ட ஈயத் தகடுகள் இருக்கும் கண்ணாடிப் பேழைக்கு முன்னால் நின்றுகொண்டு என் நண்பர் ஒருவரும் இதையேதான் சொன்னார். ஒரு தகட்டின் மொழிபெயர்ப்பைப் படித்துவிட்டு, "துணி போனதுக்கு ஆளைக் கொல்லச் சொல்றானே, இதுல என்ன பக்தி இருக்கு?" என்று சிரித்தார். பக்கத்தில் நின்றவர்களும் சிரித்துக்கொண்டுதான் இருந்தார்கள். எனக்கு அந்தச் சிரிப்பு ஒட்டவில்லை. அங்கேயே வாதாடவும் மனமில்லை. ஆனால் அந்தக் கேள்விக்கு ஒழுங்காகப் பதில் சொல்ல வேண்டும் என்ற எண்ணம் விடவே இல்லை. அதற்குப் பிறகு இந்தத் தகடுகளைப் பற்றிக் கைக்குக் கிடைத்ததையெல்லாம் படித்தேன். படிக்கப் படிக்க, அந்தப் பேழைக்குள் இருப்பவர்கள் பக்கம்தான் என் மனம் போனது.

அவர் படித்த தகட்டில் இருப்பது இதுதான். புருசெரஸின் மகன் டோசிலியானஸ், மிகப் புனிதமான சூலிஸ் தேவிக்கு எழுதுகிறான். என்னுடைய முக்காடு வைத்த மேலாடையைத் திருடியது யாராக இருந்தாலும், ஆணோ பெண்ணோ, அடிமையோ சுதந்திரமானவரோ, தேவி அவருக்குச் சாவைத் தரட்டும். அந்த ஆடையைத் தேவியின் கோயிலில் கொண்டுவந்து சேர்க்கும்வரை அவருக்குத் தூக்கமும் வேண்டாம், இப்போதும் இனிமேலும் பிள்ளைப்பேறும் வேண்டாம். இது 2ஆம் நூற்றாண்டு விவகாரம். இதைப் போலச் சுமார் 130 தகடுகள் பாத்தின் வெந்நீர் ஊற்றிலிருந்து கிடைத்திருக்கின்றன. சோலினஸ் என்பவருக்குப் போனது குளியல் உடையும் மேலங்கியும். டோசிமெடிஸுக்கு இரண்டு கையுறைகள். டோக்காவுக்கு ஐந்து டெனாரியஸ் பணம். அன்னியானஸுக்குக் காலை நேரத்தில் பணப்பையிலிருந்து ஆறு வெள்ளிக்காசு. ஒருவருக்கு ஏர்க்கொழு, இன்னொருவருக்கு இரும்புச் சட்டி. சாம்ராஜ்யத்தின் வரலாற்றில் இடம்பிடிக்கும் தகுதி இந்தப் பொருட்கள் எதற்கும் கிடையாது. ஆனால் குளிர்நாட்டில் ஒரே ஒரு மேலாடை வைத்திருப்பவனுக்கு அது போய்விட்டால் அந்தக் குளிர்காலம் எப்படிப் போகும் என்று யோசித்தால் போதும், சிரிப்பு நின்றுவிடும்.

ஊற்றின் சொந்தக்காரி

பள்ளிப் பாடத்தில் ரோமானியக் கடவுள்கள் என்றால் ஜூபிடர், ஜூனோ, மார்ஸ் என்று ஒரு வரிசை வரும். ஊர் மக்களுக்கு அந்த வரிசையால் பெரிய பயன் இருந்ததாகத் தெரியவில்லை. அவர்களுக்குத் தேவைப்பட்டது நடந்துபோய்ப் பார்க்கக்கூடிய தூரத்தில் இருக்கும் ஒரு தெய்வம். பாத் ஊற்றில் இருந்தவள் சூலிஸ். ரோமானியப் படை கி.பி. 43இல் பிரிட்டனுக்கு வருவதற்கு முன்பே அவள் அங்கே இருந்தாள். அந்த மண்ணின் தெய்வம். ரோமர்கள் அவளை விரட்டவில்லை. தங்கள் அறிவுத் தெய்வமான மினர்வாவை அவளோடு சேர்த்து சூலிஸ் மினர்வா என்று கும்பிட்டார்கள், ஊருக்கே அக்வே சூலிஸ், அதாவது சூலிஸின் நீர், என்று பெயர் வைத்தார்கள். பொன்முலாம் பூசிய வெண்கல மினர்வாவின் தலை ஒன்று 1727இல் சாக்கடைக்குப் பள்ளம் தோண்டியபோது வெளியே வந்தது. அழகான தலை, சுத்தமான ரோமானிய முகம். ஆனால் தகடு எழுதியவர்களில் பெரும்பாலோர் மினர்வாவை விட்டுவிட்டு, வெறும் சூலிஸ் என்றே அவளைக் கூப்பிடுகிறார்கள். சிலைக்கு யார் முகம் வைத்தாலும் அவர்களுக்கு அவள் யார் என்று தெரிந்திருந்தது.

அந்த நீரைப் பார்த்தால் ஏன் என்று புரியும். மழைக்கும் குளிருக்கும் நடுவே 46 டிகிரி செல்சியஸ் சூட்டில், ஒரு நாளைக்குப் பத்து லட்சம் லிட்டருக்கு மேல், நிற்காமல் குமிழியிட்டு மேலே வருகிறது. ரோமானியப் பொறியாளர்கள் சேற்றில் கருவாலி மரக் கம்பங்களை அடித்திறக்கி, ஈயத் தகடு பதித்த தொட்டி கட்டி, நீரைப் பக்கத்திலுள்ள குளியல் மண்டபத்துக்குத் திருப்பினார்கள். ஊற்றின் வாய் மட்டும் தேவிக்கே விடப்பட்டது. அங்கே குளிப்பதில்லை, காணிக்கை போடுவதுதான். 12,000க்கும் மேற்பட்ட காசுகள், வெள்ளியிலும் காரீயக் கலவையிலும் செய்த பாத்திரங்கள், தந்தத்தில் செதுக்கிய ஒரு ஜோடி மார்பகம், அப்புறம் இந்தத் தகடுகள். 1979-80இல் பாரி கன்லிஃப் தலைமையில் ஊற்றுக்குள் அகழாய்வு நடந்தபோதுதான் அவற்றில் பெரும்பாலானவை கிடைத்தன. சுருட்டியும் மடித்தும் போடப்பட்ட அந்தத் தகடுகளை விரித்து, கீறல்களுக்கு நடுவே எழுத்தைக் கண்டுபிடித்து வாசித்தவர் ரோஜர் டாம்லின். அவருடைய வாசிப்பு 1988இல் வெளிவந்தது. அந்த ஒரு மனிதரின் கண் இல்லையென்றால் டோசிலியானஸும் டோக்காவும் இன்னும் ஈயக் கசங்கல்களாகவே இருந்திருப்பார்கள்.

டாம்லின் கவனித்த ஒரு விஷயம் எனக்கு மற்ற எல்லாவற்றையும்விட முக்கியமாகப் படுகிறது. ஏறக்குறைய ஒவ்வொரு தகடும் வேறு வேறு கையெழுத்து. கோயில் வாசலில் உட்கார்ந்து கூலிக்கு எழுதிக் கொடுத்த ஒரே எழுத்தர் இருந்திருந்தால் ஒரே கை திரும்பத் திரும்ப வந்திருக்க வேண்டும். வரவில்லை. வாசகங்கள் மட்டும் ஒன்றுபோல இருக்கின்றன. "ஆணோ பெண்ணோ, அடிமையோ சுதந்திரமானவரோ" என்பது மந்திரம்போலத் திரும்பத் திரும்ப வருகிறது. யாரிடமோ கேட்டு, எதையோ பார்த்து, தன் கையால் எழுதியிருக்கிறார்கள். எழுதத் தெரியாதவர்களும் வந்திருக்கிறார்கள். சில தகடுகளில் இருப்பவை எழுத்துகளே இல்லை, எழுத்து மாதிரியான கீறல்கள். அடுத்தவர் வரிவரியாகக் கீறுவதைப் பார்த்துவிட்டு, தானும் வரிவரியாகக் கீறி, மடித்து, ஊற்றில் போட்டுவிட்டுப் போன ஒரு மனிதரை நினைத்துப் பாருங்கள். அவருக்கு என்ன திருட்டுப் போனது என்று யாராலும் சொல்ல முடியாது. தேவிக்குப் புரியும் என்று அவர் நம்பினார். இதை வியாபாரம் என்று சொல்ல எனக்கு வாய் வரவில்லை.

யார் மீது வழக்குப் போடுவது?

குளியல் மண்டபத் திருட்டு ரோமானிய உலகம் முழுக்க இருந்த தொல்லை. ஆடையைக் கழற்றி மாடத்தில் வைத்துவிட்டு உள்ளே போக வேண்டும். வசதி இருப்பவர் காவலுக்கு ஓர் அடிமையை நிறுத்திவிட்டுப் போவார், இல்லாதவர் தெய்வத்தை நம்பிப் போவார். குளியல் மண்டபத்துக்கு மேலே குடியிருந்த ரோமானியத் தத்துவஞானி செனெகா, அங்கிருந்து வரும் இரைச்சல்களைத் தன் கடிதம் ஒன்றில் அடுக்கும்போது பிடிபட்ட திருடனையும் சேர்த்துக்கொள்கிறார். பின்னாளில் தொகுக்கப்பட்ட ரோமானியச் சட்டத் திரட்டில் குளியல் மண்டபத் திருடர்களுக்கென்றே ஒரு தனித் தலைப்பு இருக்கிறது. அந்த அளவுக்கு வாடிக்கையான குற்றம்.

சரி, சட்டம்தான் இருக்கிறதே, நீதிமன்றம் போக வேண்டியதுதானே என்று கேட்கலாம். அங்கேதான் சிக்கல். ரோமானியச் சட்டத்தில் திருட்டு பெரும்பாலும் இரண்டு தனிமனிதருக்கு இடையிலான வழக்கு. பொருளை இழந்தவர்தான் திருடனைக் கண்டுபிடிக்க வேண்டும், அவர்தான் அவனை நீதிமன்றத்துக்குக் கொண்டுவர வேண்டும். கையும் களவுமாகப் பிடித்தால் பொருளின் மதிப்பைப்போல நாலு மடங்கு, இல்லையென்றால் இரண்டு மடங்கு என்று அபராதக் கணக்கெல்லாம் தெளிவாக இருந்தது. ஆனால் திருடன் யாரென்று தெரிந்தால்தான் இந்தக் கணக்கு. பெயர் தெரியாத ஒருவன் மீது எந்த நீதிபதியும் வழக்கு எடுக்க மாட்டார். துப்புத் துலக்கிக் கொடுக்கவும் ஆள் கிடையாது. தெரிந்தாலும், எதிராளி பெரிய இடம் என்றால் ஒற்றைப் பெயர் மட்டுமே கொண்ட ஓர் உள்ளூர்க்காரர் என்ன செய்துவிட முடியும்? கி.பி. 212இல் பேரரசர் கரகல்லா, பேரரசின் சுதந்திர மக்கள் எல்லோருக்கும் குடியுரிமை கொடுப்பதற்கு முன், தகடு எழுதியவர்களில் அநேகர் ரோமானியக் குடிமக்களாகக்கூட இருந்திருக்க மாட்டார்கள். கல்லில் பலிபீடம் வைத்த படைவீரர்களின் பெயர்களையும் ஈயத்தில் எழுதிய இவர்களின் பெயர்களையும் அடுத்தடுத்து வைத்துப் பார்த்தால் இரண்டு தனித்தனி ஊர்கள்போலத் தெரியும்.

இப்போது "ஆணோ பெண்ணோ, அடிமையோ சுதந்திரமானவரோ" என்பதை மறுபடி படியுங்கள். பிரதிவாதியின் பெயர் தெரியாத வழக்கு இது. அந்த உலகத்தில் இப்படி ஒரு பிராதை வாங்கிக்கொண்ட ஒரே இடம் தெய்வத்தின் சன்னிதி. அன்னியானஸின் தகட்டில், 4ஆம் நூற்றாண்டில், "புறச்சமயத்தாரோ கிறிஸ்தவரோ" என்பதும் இந்த வரிசையில் சேர்கிறது. புது மதம் ஒன்று ஊருக்குள் வந்திருக்கிறது, திருடன் அதில் இருப்பவனாகவும் இருக்கலாம். அவனும் தப்பிவிடக் கூடாது என்று பார்த்துப் பார்த்து எழுதியிருக்கிறார். அவருக்கு சூலிஸின் அதிகாரம் சூலிஸைக் கும்பிடுபவர்களோடு நின்றுவிடவில்லை.

அதிகாரிகளே இல்லாத இடமும் இல்லை அது. அந்த வட்டாரத்துக்குப் பொறுப்பான நூற்றுவர் தலைவன் கையஸ் செவேரியஸ் எமெரிட்டஸ் வைத்த கல்லே பாத்தில் இருக்கிறது. அகம்பாவத்தால் பாழாக்கப்பட்ட புனித இடத்தைச் சீர்செய்தேன் என்கிறது அந்தக் கல். அப்படிப்பட்ட அதிகாரிகளிடம் முறையிட்டவருக்கு என்ன நடந்தது என்பதற்கும் ஒரு சாட்சி இருக்கிறது, வடக்கே வின்டொலாண்டா கோட்டையில் கிடைத்த மரச்சீவல் ஏடு. 2ஆம் நூற்றாண்டின் தொடக்கம். ஒரு வணிகர், தடியால் இரத்தம் வர அடிக்கப்பட்டவர், எழுதுகிறார்: நான் கடல்கடந்து வந்தவன், எந்தக் குற்றமும் செய்யாதவன், கோட்டைத் தளபதிக்கு உடம்பு சரியில்லாததால் அவரிடம் முறையிட முடியவில்லை, கீழே இருப்பவர்களிடமும் நூற்றுவர் தலைவர்களிடமும் சொல்லிப் பார்த்தும் பலனில்லை, தங்கள் மாட்சிமையை மன்றாடிக் கேட்கிறேன். ஒவ்வொரு கதவாகத் தட்டிவிட்டுக் கடைசியாக மேலே நிமிர்ந்து பார்க்கிறார். சோலினஸ் சூலிஸுக்கு எழுதியதும் இதே மாட்சிமைக்குத்தான், இதே பணிவோடுதான். அதிகாரியிடம் எப்படிப் பேச வேண்டும் என்று கற்றுக்கொண்டார்களோ அப்படித்தான் தேவியிடமும் பேசினார்கள். ஹென்க் வெர்ஸ்னெல் என்ற ஆய்வாளர், இவை பொறாமையால் அடுத்தவரைக் கெடுக்க வைத்த சூனியங்கள் அல்ல, நீதி கேட்கும் வேண்டுதல்கள் என்று தனியாகப் பிரித்துக் காட்டினார். சூனியம் வைப்பவன் பெரும்பாலும் தன் பெயரைச் சொல்ல மாட்டான், காரணமும் சொல்ல மாட்டான். இவர்கள் பெயரைச் சொல்கிறார்கள், அப்பன் பெயரைச் சொல்கிறார்கள், போனது என்ன என்றும் சொல்கிறார்கள்.

கொடுத்துவிடுவது

இத்தனையும் படித்த பிறகும் என்னைத் தடுமாற வைத்த ஒரு வரி சோலினஸின் தகட்டில் இருந்தது. அவர் தேவியிடம், திருட்டுப்போன ஆடையை எனக்கு மீட்டுக் கொடு என்று கேட்கவில்லை. உன் தெய்விகத்துக்கும் மாட்சிமைக்கும் என் குளியல் உடையையும் மேலங்கியையும் கொடுக்கிறேன் என்கிறார். கையில் இல்லாத பொருளை எப்படிக் கொடுக்க முடியும்? முதலில் இது ஏதோ சடங்கு வாசகம் என்று கடந்து போய்விட்டேன். பிறகு மற்ற தகடுகளிலும் இதே வரி இருப்பதைப் பார்த்தேன். டோக்கா, களவுபோன ஐந்து டெனாரியஸையும் தேவிக்குக் கொடுக்கிறார். திருடனும் பொருளை எங்கே கொண்டுவர வேண்டும் என்று எல்லாரும் எழுதுகிறார்கள்? "உன் கோயிலுக்கு." என்னிடம் என்று எழுதுவது மிக அபூர்வம்.

அப்போதுதான் விஷயம் பிடிபட்டது. களவுபோன பொருளைத் தேவிக்குக் கொடுத்த அந்தக் கணத்தில் பொருள் அவளுடையதாகிவிடுகிறது. டோசிலியானஸின் மேலாடையை வைத்திருந்தவன் இனிமேல் தேவியின் உடைமையை வைத்திருக்கிறான். ஓர் ஏழையிடம் திருடியவன் கோயிலில் திருடியவன் ஆகிவிட்டான், அவனுக்கே தெரியாமல். சாவும் தூக்கமின்மையும் ஒரு துணிக்கு அதிகம் என்று சிரித்த நண்பர் கவனிக்காதது இது. துணிக்கான தண்டனை அல்ல அது. தெய்வத்தின் சொத்தில் கைவைத்ததற்கான தண்டனை. வலுவில்லாத ஒருவன் தன் வழக்கை வலுவுள்ள ஒருத்தியின் வழக்காக மாற்றிவிடுகிறான். அதற்கு அவன் கொடுக்கும் விலை, அந்தப் பொருள் இனி தனக்குக் கிடைக்காது என்பது. குளிருக்கு இருந்த ஒரே மேலாடை திரும்பி வந்தாலும் அவன் தோளுக்கு வராது.

எல்லாரும் முழுசாகக் கொடுத்தார்கள் என்று சொல்ல மாட்டேன். இங்கிலாந்தின் யூலி என்ற ஊரில் மெர்க்குரி என்ற கடவுளின் கோயிலுக்கு எழுதிய சாட்டர்னினா என்ற பெண், களவுபோன லினன் துணியில் மூன்றில் ஒரு பங்கைத்தான் மெர்க்குரிக்குத் தருகிறார். இன்னொரு பங்கு சில்வானஸ் என்ற கடவுளுக்கு. மீதியைத் தனக்கென்று வைத்துக்கொண்டிருக்கிறார். லிட்னி என்ற ஊரில் நோடென்ஸ் என்ற கடவுளிடம் முறையிட்ட சில்வியானஸ், தொலைந்த மோதிரத்தின் மதிப்பில் பாதியைக் கொடுத்தார். இவர்கள் பேரம் பேசினார்கள் என்பது உண்மைதான். அதனால் நம்பிக்கை குறைந்துபோகிறது என்று எனக்குத் தோன்றவில்லை. எதிரே கேட்பதற்கு ஆள் இருக்கிறார் என்று உறுதியாக நம்பினால்தான் பேரமே பேச முடியும். சாட்டர்னினாவின் தகட்டில் முதலில் வேறு தெய்வத்தின் பெயரை எழுதி, அதன் மேல் மெர்க்குரி என்று திருத்தியிருக்கிறார்கள். சரியான இடத்தில் போய்ச் சேர வேண்டுமே என்ற கவலை அந்தத் திருத்தத்தில் தெரிகிறது.

காரியம் முடிந்ததும் பலிபீடக் கல்லில் வெட்டிய அந்த நாலு எழுத்தும் இப்போது எனக்கு வேறாகப் படுகிறது. நேர்ந்துகொண்டதை மனமுவந்து, உரியபடி செலுத்தினேன் என்பதன் சுருக்கம் அது, நம் நேர்த்திக்கடன்தான். பாத்தில் அவுஃபிடியஸ் மாக்சிமஸ் என்ற நூற்றுவர் தலைவனின் நலனுக்காக அவனிடம் அடிமையாக இருந்து விடுதலை பெற்ற இருவர் தனித்தனியே பலிபீடம் வைத்திருக்கிறார்கள். ஒரே எசமானுக்கு இரண்டு கல். கடமைக்குச் செய்தார்களா, பாசத்தில் செய்தார்களா என்று அந்தச் சுருக்கெழுத்தை வைத்து யாரும் தீர்ப்புச் சொல்லிவிட முடியாது. சுருக்கமாக இருப்பதாலேயே அது வெறும் ரசீது என்று சொல்வது அநியாயம்.

கொடுமையும் இருக்கிறது

இந்த மனிதர்களை நான் நல்லவர்களாக்கிக் காட்டப் பார்க்கவில்லை. டோசிமெடிஸ் இரண்டு கையுறைக்காகத் திருடனின் புத்தியும் கண்களும் போக வேண்டும் என்கிறார். அன்னியானஸ் "சிறுவனோ சிறுமியோ" என்றும் சேர்க்கிறார். திருடியது குழந்தையாக இருந்தாலும் விடாதே என்று அர்த்தம். அவருடைய தகட்டின் மறுபக்கம் நீண்ட பெயர்ப் பட்டியல் ஒன்று இருக்கிறது, பெரும்பாலும் சந்தேகப்பட்டவர்களாக இருக்க வேண்டும். அதில் ஒரு பெயரைத் தவிர மற்ற எல்லாமே நிரபராதிகளாக இருந்திருக்கலாம், அல்லது அந்த ஒன்றும்கூட. திருடியது குளிரில் நடுங்கிய ஓர் அடிமை என்றால் அவனுக்கு யார் பிராது எழுதிக் கொடுப்பார்கள்? இந்தக் கேள்வியை என்னால் ஒதுக்க முடியவில்லை. ஒன்றை மட்டும் சொல்லலாம்: அநேகத் தகடுகளில் தண்டனைக்கு ஒரு முடிவு வைத்திருக்கிறார்கள். கொண்டுவந்து சேர்க்கும்வரை. கொண்டுவந்துவிட்டால் தூக்கம் திரும்பி வரும்.

திருட்டைப் பற்றியதாக இல்லாத ஒரு தகடும் உண்டு. யூரிகாலஸ், அவர் மனைவி டோசிலோசா, மகன் டோசிலிஸ், டோசிலினா, சகோதரன் டெசென்டினஸ், அலோகியோசா: ஏப்ரல் 12 அன்று சூலிஸின் ஊற்றருகே சத்தியம் செய்தவர்கள். பொய்ச் சத்தியம் செய்தவர் யாராக இருந்தாலும் தன் இரத்தத்தால் தேவிக்குக் கடனைத் தீர்க்க வேண்டும். என்ன தகராறு என்று எழுதவில்லை. குடும்பமே ஆவியடிக்கும் நீருக்கு முன் வரிசையாக நின்று, ஒருவரையொருவர் பார்த்தபடி சத்தியம் செய்திருக்கிறார்கள். தெய்வம் நிஜமாகக் கேட்டுக்கொண்டிருக்கிறது என்று நம்பாதவர்கள் வீட்டுச் சண்டையை அவள் வாசல்வரை கொண்டுபோக மாட்டார்கள்.

பேரரசின் மறுகோடியில்

பாத்தின் தகடுகளில் ஒரு பாதிக் கதைதான் இருக்கிறது. கேட்டவர்கள் எழுதிப் போட்டுவிட்டுப் போய்விட்டார்கள்; பிறகு என்ன நடந்தது என்று அங்கே ஒருவரும் எழுதி வைக்கவில்லை. மறுபாதி இன்றைய துருக்கியின் மேற்கே, பழைய லிடியாவில் கிடைக்கிறது. அங்கே கிராமத்து மக்கள் தங்கள் குற்றத்தை ஒப்புக்கொண்டு, தண்டித்த கடவுளின் வல்லமையைப் புகழ்ந்து கல் நட்டார்கள். அவற்றில் ஒன்று மேன் என்ற நிலாக் கடவுளுக்கு உரியது, ஆண்டு கி.பி. 164/165, கிட்டத்தட்ட டோசிலியானஸின் காலம். குளியல் மண்டபத்தில் எதையாவது யாராவது திருடினால் கடவுள் பார்த்துக்கொள்ளட்டும் என்று அங்கே முன்கூட்டியே கடவுளின் செங்கோலை நட்டு வைத்திருந்தார்கள். அப்படியும் ஒரு மேலாடை களவுபோனது. கடவுள் சினந்தார். சில காலம் கழித்து, திருடனே ஆடையைக் கொண்டுவந்து கடவுள் முன் வைத்துக் குற்றத்தை ஒப்புக்கொண்டான்.

பிறகு கடவுள் தன் தூதர் மூலம் ஒரு கட்டளை போட்டார் என்கிறது கல். அதைச் சொந்தக்காரரிடம் திருப்பிக் கொடு என்று அல்ல. ஆடையை விற்றுவிட்டு, நடந்ததை ஊர் அறியக் கல்லில் எழுதி வை என்று.